பரங்கியும் சோனகரும்

கடலூருக்கும் சிதம்பரத்திற்கும் இடையே, வெள்ளாறு கடலொடு கலக்குமிடத்தில் அமைந்துள்ளது பரங்கிப்பேட்டை. இன்று அது மீன்பிடி துறையாகவும், அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல் உயிரியல் ஆய்வு மையம் இருக்கும் ஊராகவுமே பலர்க்கு அறிமுகம். ஆயினும் சொல்லாராய்ச்சியில் ஈடுபடுவோர்க்கு அவ்வூர்ப் பெயர்களே ஓர் ஆவணக் களஞ்சியம் எனலாம். தமிழ் மக்கள் அதனைப் பரங்கிப்பேட்டை என்றனர். இசுலாமியர் மகுமூது பந்தர் என்றனர். ஐரோப்பியர் தம் ஏடுகளில் போர்ட்டோ நோவோ என்று எழுதினர். மூன்றாவது பெயர் போர்ச்சுகீசிய மொழியில் 'புதிய துறைமுகம்' எனப் பொருள்படும். இரண்டாவதில் உள்ள பந்தர் பாரசீகச் சொல். அதுவும் துறைமுகத்தையே குறிக்கும். (பதிற்றுப்பத்தில் வரும் பந்தர் என்னும் ஊர்ப்பெயரை இதனொடு இணைத்துக் காட்ட முயன்றோர் உளர். ஒலியொப்புமை ஒன்றே சான்றாகாது என்பது எம் கருத்து.)

முதற்பெயர் 'பரங்கியர் குடியிருந்த பேட்டை' என விரியும். மூன்றனுள் தமிழர் இட்ட பெயர் இதுவே ஆயினும் நம் ஆராய்ச்சிக்குப் பெரிதும் பயன்படுவதும் இதுவே. வந்து குடியேறியவர் மேலைநாட்டார். பெயரிட்டு அழைத்தவர் தமிழர். அவ்வாறு அழைத்த சொல்லோ இசுலாமிய உலகத்தது.

இசுலாமிய நாகரிகமும் மேலை நாகரிகமும் ஒன்றோடொன்று கொண்டும் கொடுத்தும் வளர்ந்த வரலாற்றைப் படிக்கப் புகுவோர் ஸ்பெயினையும் சிசிலியையும் சிலுவைப் போர்களையுமே நாடிச் செல்வர். அவை முதன்மையான களங்களே. எனினும் அக்கொள்வினை கொடுப்பினை நம் சோழமண்டலக் கரையிலும் நிகழ்ந்தது. நிகழ்ந்ததற்குச் சான்று தமிழ்ச் சொற்களிலேயே கிடக்கிறது. அச்சான்றை நாம் கண்டுகொள்ளாமைக்குக் காரணம், பிறமொழிச் சொல்லை ஆராயும்போது அதன் வேர் எம்மொழியில் உள்ளது என்பதோடு அமைந்துவிடும் வழக்கமே. வேரை அறிவது ஒன்று. அச்சொல் எவர் வாய்வழி, எத்துறை வழி நம்மிடம் வந்தது என்று அறிவது வேறொன்று. பின்னதைச் சில சொற்கள் கொண்டு விளக்குதல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பிராங்குகள் என்போர் செருமானிய இனத்தவர். உரோமப் பேரரசு தளர்ந்த காலத்தில் இன்றைய பிரான்சு நாட்டில் அரசு அமைத்தனர். அந்நாட்டுப் பெயரும் அவரால் வந்ததே. அரபு மொழியில் இவர்கள் பெயர் 'இஃப்ரஞ்சு' என வழங்கியது. 10ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த அல் மசூதி என்னும் அரபு வரலாற்றாசிரியர் தம் நூலில் பிராங்கு மன்னர் வரிசையைத் தருகிறார். கி.பி. 1096இல் சிலுவைப் போர்ப் படைகள் கிழக்கு நோக்கிப் புறப்பட்ட பின்னர், மேலைக் கிறித்தவர் எந்நாட்டினராயினும் இப்பெயராலேயே அரபு நூல்களில் சுட்டப்பெற்றனர். ஓர் இனத்தின் பெயர் ஒரு நிலப்பகுதியார் அனைவர்க்கும் பொதுப்பெயராயிற்று. பாரசீகத்தில் இந்நிலம் 'ஃபரங்க்' என்றும், அந்நிலத்தான் 'ஃபரங்கீ' என்றும் வழங்கினர்.

தமிழ்ப் பரங்கி இவற்றுள் எதிலிருந்து வந்தது? ஐரோப்பியரிடமிருந்தே நேரே வந்திருப்பின் அது பிராங்கு என்பது போன்ற வடிவத்தைப் பெற்றிருத்தல் வேண்டும். இறுதி இகரத்திற்கு வழியில்லை. அவ்விகரம் பாரசீகத்தில், 'இன்ன நாட்டைச் சார்ந்தவன்' என உணர்த்தும் ஈறு. அரபு வடிவத்திலிருந்து நேரே வந்ததெனின் சகர ஒலி நிற்றல் வேண்டும்; தமிழிலோ ககரம் நிற்கிறது. எனவே பாரசீக வடிவமே தமிழ்க்கு மூலம் எனக் கொள்ளுதல் பொருந்தும். ஃபகரம் பகரமானது தமிழொலி மரபு. மலாய் மொழியிலும் இச்சொல் பெரிங்கி என வழங்குகிறது. தாய்லாந்து மொழியில் மேலைநாட்டார் இன்றும் ஃபரங் எனப்படுவர். கீழைக் கடல் முழுவதும் பாரசீக மொழி வணிகர்க்குப் பொதுமொழியாய் விளங்கிய நிலையை இவ்வடிவங்கள் காட்டுகின்றன.

வாஸ்கோ ட காமா 1498இல் கோழிக்கோட்டுக் கரையை அடைந்தபோது, அவன் அனுப்பிய ஆளைக் கரையில் எதிர்கொண்டவர் தூனிசு நாட்டு முசுலிம் இருவர். அவர்கள் ஸ்பானிய மொழியும் செனோவா மொழியும் பேச வல்லவராய் இருந்தனர் என்று அப்பயணக் குறிப்புக் கூறுகிறது. அஃதாவது, மேலைநாட்டார் இந்தியக் கரையில் இறங்கிய முதல் நாளிலேயே அவரை அறிந்த இசுலாமியர் அங்கு இருந்தனர். பெயர் ஆயத்தமாக இருந்தது. பெயர்க்குரியார் பின்னர் வந்து சேர்ந்தனர்.

இனி, பரங்கியர்க்கு எதிரே நின்ற மறு பெயரை நோக்குவோம். அராபியரையும் அவர் வழிவந்த தமிழ் முசுலிம்களையும் சோனகர் என்பது பழைய வழக்கு. முதலாம் இராசராசன் காலத்துத் தஞ்சைக் கல்வெட்டில் சோனகன் சாவூர் என்றொருவன் பெயர் காணப்படுகிறது. சோனகர் என்பது யவனர் என்னும் சொல்லின் திரிபு என்பது அறிஞர் பலர்க்கும் உடன்பாடு. யவனர் என்பது முதலில் யாரைக் குறித்தது? ஆசியாக் கண்டத்தின் மேலைக் கரையில் அயோனியாவில் வாழ்ந்த கிரேக்கரை. அவரைப் பழம் பாரசீகர் யௌனா என்றனர். வடமொழியில் அது யவனர் ஆயிற்று. பாலி மொழியில் யோன, யோனக என நின்றது. இப்பிற்கூறிய வடிவத்திற்கும் சோனகர்க்கும் இடையே தொலைவு மிகுதியன்று.

சங்க நூல்களில் யவனர் என்போர் பொன்னொடு வந்து மிளகொடு பெயரும் கலத்தினர், தேறல் கொணர்பவர், பாவை விளக்குச் செய்பவர், பாசறை காப்பவர். இவர் கிரேக்க, உரோம நாட்டினர் என்பதில் ஐயமில்லை. கடலூருக்கு வடக்கே, புதுச்சேரியை அடுத்த அரிக்கமேட்டில் 1945இல் நடந்த அகழ்வாய்வு உரோம வாணிகத்தின் அடையாளங்களை வெளிக்கொணர்ந்தது. உரோமர் வரவு குன்றிய பின்னர் அக்கடல்வழியில் அராபியர் வரவு பெருகியது. மேற்கிலிருந்து கலமேறி வருபவன் என்ற அளவில் பழம்பெயரே புதியவர்க்கும் ஆகியது. யவனர் என்பதற்குச் சோனகர் எனப் பொருள் கூறும் வழக்கு உரைகளிலும் நிகண்டுகளிலும் இடம்பெற்றதும் இதனாலேயே. உரையாசிரியர்கள் வரலாற்றறிவு இன்றிப் பிழைத்தனர் என்று இக்காலத்தார் சிலர் எளிதிற் கூறிவிடுவர். அவர்கள் தம் காலத்து வழக்கையே எழுதினர் என்பதை நினைத்தல் வேண்டும்.

இப்போது இரு பெயர்களையும் ஒருங்கு வைத்து நோக்குக. ஐரோப்பியர்க்கு உரியதாய் இருந்த யவனர் என்னும் பெயர் தமிழில் திரிந்து இசுலாமியரைச் சென்றடைந்தது. இசுலாமியர் வழங்கிய ஃபரங்கீ என்னும் பெயர் தமிழில் திரிந்து ஐரோப்பியரைச் சென்றடைந்தது. இரு பெயரும் ஒன்றையொன்று குறுக்கே கடந்து சென்றுள்ளன. இத்தகைய இடமாற்றம் தமிழில் நிகழ்ந்தமைக்குக் காரணம், இக்கரை மக்கள் அவ்விரு சாராரையும் வெவ்வேறு காலத்தில் ஒரே துறைகளில் கண்டு பழகியமையே ஆகும்.

போர்ச்சுகீசியர் தம் பங்கிற்கு இசுலாமியரை மூர் என்றனர். உரோமர் காலத்து வடமேற்கு ஆப்பிரிக்காவாகிய மௌரித்தானியாவைச் சார்ந்தவன் என்பது அச்சொற்பொருள். 711 முதல் ஐபீரியத் தீவக்குறையில் ஆண்ட முசுலிம்களை அழைத்துப் பழகிய பெயரை அவர்கள் கப்பலில் ஏற்றி வந்து, ஆப்பிரிக்காவையே காணாத தமிழ் மரைக்காயர்க்கும் சூட்டினர். ஆக, வெள்ளாற்று முகத்தில் சந்தித்த இரு சாராரும் மத்தியதரைக் கடற்போர்களில் பழகிய பெயர்களாலேயே ஒருவரையொருவர் அழைத்தனர் எனலாம். இலங்கையில் இவ்வழக்கு இன்னும் தெளிவாக நிலைத்துள்ளது. அங்கு ஆங்கிலத்தில் மூர் எனப்படுவோர் தமிழில் சோனகர். போர்ச்சுகீசிய, ஒல்லாந்த வழியினராகிய பர்கர் தமிழில் பறங்கியர். குறுக்கே கடந்த இரு பெயர்களும் அத்தீவின் குடிமதிப்பு ஏடுகளில் அடுத்தடுத்து நிற்கின்றன. (பரங்கி, பறங்கி என இருவகையாகவும் எழுதுவர். அயற்சொல்லாதலின் ரகர றகர வேறுபாடு பொருள் வேறுபாட்டைத் தருவதன்று. ஊர்ப்பெயர்க்கு ரகரமும், மருந்துப் பெயர்க்குப் பெரும்பாலும் றகரமும் வழக்கில் ஊன்றிவிட்டன.)

பரங்கி என்னும் அடையைப் பெற்ற பொருள்களும் ஆராயத்தக்கன. பரங்கிக்காய் அமெரிக்கக் கண்டத்துக் கொடி. மேலைநாட்டார் கப்பல்வழி உலகெங்கும் பரவியது. பீரங்கி என்பதும் ஃபரங்கீ என்பதன் வேறு திரிபு எனக் கொள்ளுதல் தகும். 1526இல் பானிப்பட்டுப் போரில் தன் படைஞர் ஃபிரிங்கிக் குண்டுகளை எறிந்தனர் என்று பாபர் எழுதியுள்ளார். மேலைநாட்டுக் கருவியை முசுலிம் அரசர்கள் கையாண்டு, அக்கருவிக்குத் தம் மொழியில் இட்ட பெயரையே நாம் பெற்றோம். துப்பாக்கி என்னும் சொல்லும் துருக்கி, பாரசீகத் தொடர்பினதே.

இவற்றுள் பறங்கிப்பட்டையின் வரலாறு சற்று விரித்துரைக்கத்தக்கது. 1490களில் ஐரோப்பாவில் பரவத் தொடங்கிய மேகநோய் கடல்வழியே இந்தியாவையும் அடைந்தது. 16ஆம் நூற்றாண்டில் பாவமிசிரர் இயற்றிய பாவப்பிரகாசம் என்னும் வடமொழி மருத்துவ நூல் அதனைப் பிரங்க ரோகம் என்கிறது. தமிழில் பறங்கிப்புண் என்றனர். அந்நோய்க்கு மருந்தாகக் கொள்ளப்பட்ட கிழங்கு சீனத்திலிருந்து வந்தது. பாரசீகர் அதனைச் 'சீன மரம்' எனப் பொருள்படும் சோப்சீனி என்றனர். பாரசீக மருத்துவர் இமாதுத்தீன் மகுமூது சீராசி 16ஆம் நூற்றாண்டில் அந்நோயைப் பற்றியும் அக்கிழங்கைப் பற்றியும் நூல்கள் எழுதினார். ஏறத்தாழ அதே காலத்தில், கோவாவில் வாழ்ந்த போர்ச்சுகீசிய மருத்துவர் கார்சியா த ஓர்த்தா 1563இல் அச்சிட்ட தம் உரையாடல் நூலில் அக்கிழங்கை ஆராய்ந்தார். அவர் அகமதுநகரத்து நிசாம் ஷாவுக்கு மருத்துவம் செய்தவர். இபின் சீனா முதலிய அரபு மருத்துவ ஆசிரியர் கருத்துகளை எடுத்தெடுத்து ஆய்ந்தவர். ஒரு நோயும் அதன் மருந்தும் இரு நாகரிகத்து மருத்துவர்களையும் ஒரே ஆராய்ச்சியில் ஈடுபடுத்தின.

தமிழ் மருத்துவம் அக்கிழங்கைப் பறங்கிப்பட்டை என்று ஏற்றுக்கொண்டது. பிறந்த இடம் சீனமாக இருப்பவும் பெயர் பரங்கியர்க்கு ஆயிற்று. தமிழர் குறித்தது கொணர்ந்தவனை. விளைந்த நிலத்தை அன்று. பொருட்பெயர் பிறப்பிடத்தைக் காட்டும் என்று நம்பிச் செல்லும் ஆராய்ச்சியாளனை இது போன்ற பெயர்கள் தவறான நாட்டிற்கு அழைத்துச் சென்றுவிடும்.

சொற்களிலும் இந்நிலை உண்டு. தாள் என்னும் பொருளில் தமிழில் இரு அயற்சொற்கள் வழங்குகின்றன. காகிதம் என்பது பாரசீகத்துக் காகஸ்; முசுலிம் ஆட்சியரங்கத்தின் வழி வந்தது. கடுதாசி என்பது போர்ச்சுகீசியத்திலிருந்து வந்தது என்பர். யாழ்ப்பாணத்தார் கடதாசி எனின் தாள்; நம் பகுதியில் கடுதாசி எனின் பெரும்பாலும் மடல். போர்ச்சுகீசியத்தில் மடலைக் குறிக்கும் கார்த்தா என்ற சொல்லும் உண்டு. கர்தாஸ் என்ற சொல்லும் உண்டு. இவற்றுள் எது கடுதாசிக்கு மூலம்? முன்னதன் பன்மையில் ஒலியழுத்தம் முதலசையில் விழும். பின்னதில் இறுதியசையில் விழும். தமிழ்ச் சொல்லில் இரண்டாம் பகுதியே நெடிலாய் ஒலிக்கிறது. ஆதலின் பின்னதே மூலம் என்று துணியலாம். அக்கர்தாஸ் என்னும் சொல், அரபு மொழியில் தாளைக் குறிக்கும் கிர்தாஸ் என்பதன் வழிவந்தது. குர்ஆனிலேயே இச்சொல் ஆளப்பட்டுள்ளது. அரபு மொழியார் அதனைக் கிரேக்கத்திலிருந்து பெற்றனர். அரபிலிருந்தே தமிழ் நேரே கொண்டிருக்கக் கூடாதோ எனின், முதலெழுத்தில் இகரம் இன்றி அகரம் நிற்றலால் போர்ச்சுகீசிய வடிவமே பொருத்தமுடையது.

கர்தாஸ் என்பது வெறுந்தாள் அன்று. 16ஆம் நூற்றாண்டின் தொடக்கம் முதல் போர்ச்சுகீசியர் இந்தியப் பெருங்கடலில் செல்லும் கலங்களுக்கு விற்ற கடல்வழிச் சீட்டு அது. கலத்தின் பெயர், தலைவன் பெயர், கருவிகள், செல்லும் துறை ஆகியன அதில் எழுதப்படும். அச்சீட்டில்லாத கலம் கைப்பற்றப்படும். இச்சீட்டின் சுமை பெரிதும் முசுலிம் கலத்தவர் மீதே விழுந்தது. நினைத்துப் பார்க்குமிடத்து, தம் முன்னோர் வழங்கிய அரபுச் சொல்லையே தமக்கு இடர் விளைக்கும் ஆணைக்குப் பெயராகக் கொண்டு பரங்கியர் வந்து நிற்க, மரைக்காயர் அதனைப் பொருள் கொடுத்துப் பெற வேண்டியிருந்தது. அச்சத்திற்குரிய அச்சொல் நாளடைவில் உறவினர்க்கு எழுதும் மடலுக்குப் பெயராய் மென்மை எய்தியது. அகராதியில் 'போர்ச்சுகீசியம்' என்று ஒரு குறியிட்டு முடித்துவிட்டால் இவ்வரலாறு முழுதும் மறைந்து போகும். 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ்ப் பேரகராதி அளவால் ஈடற்ற உழைப்பு. அது மூலமொழியைச் சுட்டிச் சென்றது. வழியைச் சுட்டும் பணி நம் தலைமுறையினர்க்கு உரியது.

மாலுமி என்னும் சொல்லும் இவ்வாறே. அரபு மொழியில் முஅல்லிம் என்பது ஆசிரியனையும், கலத்திற்கு வழிகாட்டுவோனையும் குறிக்கும். காமாவை மலிந்தியிலிருந்து கோழிக்கோட்டிற்கு அழைத்து வந்த வழிகாட்டியைப் போர்ச்சுகீசிய வரலாற்றாசிரியர் மலேமோ என்னும் அடையொடு குறித்தனர். தமிழில் மாலுமி, போர்ச்சுகீசியத்தில் மலேமோ. ஒரே ஆசானிடம் இரு மொழியும் கற்ற சொல் இது. கப்பற் பலகைகளின் இடைவெளியை அடைக்கும் தொழிலைக் கலப்பற்று என்பர். இதற்கு ஒத்த சொற்கள் அரபிலும் போர்ச்சுகீசியத்திலும் உள்ளன. இரண்டனுள் எதனிடமிருந்து கொண்டோம் என்று முடிவு கட்டுதல் அரிது. ஒரே கப்பல் துறையில் இரு மொழியாரும் தொழில் செய்தனராதலின் அம்முடிவு தேவையும் அன்று. காப்பியோ நேர் எதிரானது. குடிநீர் அரபு நாட்டினது, சொல்லும் கஃவா என்னும் அரபுச் சொல்லே; ஆயினும் தமிழ்க்கு வந்தது ஐரோப்பிய வாய்வழி. சர்பத்து முசுலிம் வழியும், மருந்துக் கடைச் சிரப்பு மேலைநாட்டு வழியும் வந்து ஒரே அரபு வேரில் கூடுகின்றன.

இனி, பரங்கிப்பேட்டையின் துறைமுக வாழ்வை நோக்குவோம். 1597ஆம் ஆண்டளவில் இப்பகுதிக்கு வந்த சேசு சபைத் துறவி பிமெண்டா, செஞ்சி கிருட்டிணப்ப நாயக்கன் வெள்ளாற்று முகத்தில் ஒரு நகரம் அமைத்து வந்ததைக் குறிப்பிடுகிறார். சிதம்பரத்தில் அம்மன்னனைக் கண்டதையும் எழுதியுள்ளார். 17ஆம் நூற்றாண்டில் இத்துறையில் போர்ச்சுகீசியர், ஒல்லாந்தர், ஆங்கிலேயர் ஆகியோர் வாணிகம் செய்தனர். எனினும் கடல் வாணிகத்தில் மேம்பட்டு நின்றோர் தமிழ் முசுலிம்களே. அச்சே, மலாக்கா, கெடா ஆகிய துறைகளுக்குத் துணி ஏற்றிச் சென்ற இவர்களை ஐரோப்பியர் ஏடுகள் சூலியா என்று குறிக்கும். செஞ்சி பிசப்பூர் சுல்தான் ஆட்சிக்கு உட்பட்ட பின் இப்பகுதியை ஆண்ட ஷேர்கான் லோடி, 1673இல் பிரெஞ்சுக்காரர் புதுச்சேரியில் தங்க இடம் தந்தான். மேலைநாட்டார் நகரங்களில் ஒன்று முசுலிம் அதிகாரி ஒருவன் கொடையால் தோன்றியது என்பது பலரும் நினையாத செய்தி.

இச்சூழலில்தான் சீறாப்புராணம் அரங்கேறியது. உமறுப்புலவரை ஆதரித்தவர் கீழக்கரைச் சீதக்காதி வள்ளல். 17ஆம் நூற்றாண்டின் இறுதிப் பகுதியில் ஆங்கிலக் கும்பினியாரொடும் ஒல்லாந்தரொடும் வாணிகத் தொடர்பு கொண்டிருந்தவர் அவர். அவர் மறைவுக்குப் பின் காப்பியத்திற்குப் புரவலராய் அமைந்தவர் பரங்கிப்பேட்டை அபுல்காசிம் மரைக்காயர். புலவர் அவரைக் காப்பியத்தினுள் பல இடங்களில் பாராட்டுகிறார். மூன்று காண்டங்களும் 5027 பாடல்களும் கொண்ட அந்நூலை இசுலாத்திற்கும் தமிழ்க் காப்பிய மரபிற்கும் இடைப்பட்ட உறவாகவே நாம் பாடஞ்சொல்லி வருகிறோம். அது சரியே. ஆயின் அந்நூலைத் தாங்கிய செல்வம் பரங்கியரொடு போட்டியிட்டும் உறவாடியும் ஈட்டிய கடல் வாணிகச் செல்வம் என்பதையும் உடன் சொல்லுதல் நன்று. கம்பர்க்குச் சடையப்பரைக் கூறும் நாம் அபுல்காசிமை ஒரு வரியில் முடித்துவிடுதல் முறையாகாது.

நூல்வழி உறவிற்கு இன்னும் வியப்பான சான்று ஒன்று உண்டு. அப்துல்லா இபின் சலாம் என்னும் யூத அறிஞர் நபிகள் நாயகத்திடம் பல வினாக்கள் தொடுத்து விடைபெற்றதாக அமைந்த அரபு நூல் ஒன்று இசுலாமிய உலகில் பெருவழக்கு. அதனைத் தழுவி வண்ணப் பரிமளப் புலவர் ஆயிரமசலா என்னும் தமிழ் நூலை 1572இல் இயற்றினார். இன்று கிடைக்கும் இசுலாமியத் தமிழ் நூல்களுள் காலத்தால் மிக முற்பட்டவற்றுள் அது ஒன்று. அதே அரபு நூல் 1143ஆம் ஆண்டளவில் ஸ்பெயினில், குளூனி மடத் தலைவர் பீட்டர் செய்வித்த மொழிபெயர்ப்புத் தொகுதியில், கரிந்தியா நாட்டு எர்மனால் இலத்தீனாக்கப்பட்டது. 1543இல் பேசல் நகரில் பிப்லியாந்தர் அதனை அச்சிட்டார். ஒரே மூலம் மேற்கே இலத்தீனுக்கும் கிழக்கே தமிழுக்கும் சென்றுள்ளது. இலத்தீனார் மறுப்பதற்காக மொழிபெயர்த்தனர். தமிழ்ப் புலவர் போற்றுவதற்காகப் பாடினார். நோக்கம் வேறுபடவே நூலின் நடையும் எவ்வாறு வேறுபட்டது என்பதை ஒப்பிட்டு ஆராய்தல் ஒரு முதுகலை மாணவர்க்கு நல்ல பொருளாகும்.

18ஆம் நூற்றாண்டில் உறவு போராய் மாறியது. போரிலும் கொள்வினை நின்றபாடில்லை. ஆங்கிலேயர் 1690இல் மராட்டியரிடமிருந்து விலைக்கு வாங்கிய கடலூர்ச் செயின்ட் டேவிட் கோட்டை, 1746இல் சென்னை பிரெஞ்சுக்காரர் கைப்பட்ட பின் இக்கரையில் அவர்க்குத் தலைமையிடமாயிற்று. 1748இல் அங்கு வந்து சேர்ந்த மேஜர் லாரன்சு இந்திய வீரர்க்கு ஐரோப்பிய முறையில் பயிற்சி அளித்தார். அவ்வீரர்க்குரிய சிப்பாய் என்னும் பெயர் பாரசீகச் சிபாகீ. போர்ச்சுகீசியர், பிரெஞ்சுக்காரர், ஆங்கிலேயர் மூவரும் அதனைத் தம் மொழிகளில் ஏற்றனர். 1750இல் தூய்ப்ளே முசாபர் சங்கிடமிருந்து பட்டமும் முசுலிம் பிரபுக்களுக்குரிய உடையும் பெற்றுத் தர்பாரில் அமர்ந்தார். ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில் பாரசீகச் சொல்லும் பிரெஞ்சுச் சொல்லும் தமிழ் வாக்கியத்தில் அருகருகே வந்து நிற்பது இச்சூழலின் நேர்விளைவு. மணிப்பிரவாளம் கெட்ட நடை என்று அதனை ஒதுக்குவோர், ஆட்சி நடந்த முறையே அம்மொழியில்தான் என்பதை மறக்கின்றனர்.

நாணயத்தையும் காண்க. ஆர்க்காட்டு நவாபு தோஸ்து அலிகான் இசைவு பெற்றுப் பிரெஞ்சுக்காரர் 1736 முதல் புதுச்சேரியில் முகலாயர் பெயரால் வெள்ளி ரூபாய் அடித்தனர். ஆங்கிலேயரும் அவ்வழியே சென்றனர். இரண்டாம் ஆலம்கீரின் பெயரையும் இசுலாமிய ஆண்டு 1172ஐயும் தாங்கிய சென்னை ரூபாய், அம்மன்னன் இறந்து அரை நூற்றாண்டு கழிந்த பின்னும் ஆங்கிலப் பொறிகளில் அச்சாகி வந்தது. மக்கள் கண்ணுக்குப் பழகிய பாரசீக எழுத்தின்றி வெள்ளி செல்லுபடியாகாது என்பதைக் கும்பினியார் நன்கறிந்திருந்தனர்.

சிதம்பரம் கோயில் இக்காலத்தில் பலமுறை கோட்டையாகப் பயன்படுத்தப்பட்டது. 1781 சூனில் ஐதர் அலியின் படைக்காவலில் இருந்த அதனை ஆங்கிலத் தளபதி அயர் கூட் தாக்கித் தோல்வியுற்றார். அடுத்த மாதம் முதல் நாளில் பரங்கிப்பேட்டையருகே நடந்த போரில் ஐதர் தோற்றார். 1782இல் பிரெஞ்சுப் படை பரங்கிப்பேட்டையில் இறங்கிக் கடலூரைக் கைப்பற்றியது. அவ்வாண்டு சூலையில் பிரெஞ்சுக் கடற்படைத் தலைவர் சுப்ரேனும் ஐதரும் கடலூர்ப் பகுதியில் சந்தித்து அளவளாவினர். இருவர்க்கும் பொதுமொழி இல்லை. ஆயினும் பொதுப்பகை இருந்தது. அது போதுமானதாய் இருந்தது.

போர் ஓய்ந்த பின் பரங்கிப்பேட்டைக்கு மற்றொரு வகையான பரங்கியர் வந்தனர். 1830ஐ ஒட்டி ஜோசையா மார்ஷல் ஹீத் என்பார் சேலத்து இரும்புக் கனியைக் கொண்டு அங்கு ஓர் உருக்காலை நிறுவினார். அவ்விரும்பு செபீல்டு நகர்க்கும் அனுப்பப்பட்டது. அவர் அம்முயற்சியில் இறங்கியமைக்கு ஒரு பின்னணி உண்டு. தென்னாட்டு உருக்கு நெடுங்காலமாக அரபு, பாரசீக நாடுகளுக்கு ஏற்றுமதியாயிற்று. அங்குள்ள கொல்லர் அதிலிருந்து நீரோட்ட வரியுடைய வாள்களை வடித்தனர். மேலைநாட்டார் அவ்வாள்களை முசுலிம் நாடுகளில் கண்டு டமாஸ்கஸ் வாள் என்று வழங்கினர். உருக்கைத் தந்த நாடு அப்பெயரில் இல்லை. பறங்கிப்பட்டையில் சீனம் இல்லாதது போலவே. (இப்பக்கங்களில் ஆண்டுகளைக் குறிக்கும் எண் வடிவங்களும் அவ்வகையினவே. இந்தியாவிலிருந்து அராபியர்க்கும், அவரிடமிருந்து ஐரோப்பியர்க்கும் சென்று, அரபு எண் என்று பெயர் பெற்று, அச்சுப் பொறியொடு நம்மிடம் திரும்பி வந்தன.)

18ஆம் நூற்றாண்டின் இறுதியில் ஐரோப்பிய அறிஞர் அவ்வாள்களின் மறைபொருளை அறியப் புகுந்து இந்திய உருக்கை நாடினர். இலண்டனில் ஸ்டோடார்ட்டும் பாரடேயும் 1820ஐ ஒட்டி அதனைப் பகுத்தாய்ந்து, உலோகக் கலப்பால் அத்தகைய உருக்கைச் செய்ய முயன்றனர். ஹீத் தம் ஆலையை நிறுவியது அதன் பின்னரே. 1839இல் வெளிவந்த அவரது கட்டுரை, எகிப்தியர் தம் கற்றூண்களில் எழுத்துப் பொறித்த உளிகளும் இந்திய உருக்கால் ஆனவையே எனக் கருதுகிறது. அம்முடிபு ஏற்கத்தக்கதோ அன்றோ, பரங்கிப்பேட்டையில் ஆலை வைத்த ஆங்கிலேயர் ஒருவர், அரபு நாட்டுப் பெயரால் உலகறிந்த பொருளின் வழியைத் தேடிச் சேலத்து உலைக்களம் வரை நடந்து சென்றார்.